பேசாத் தண்ணீர்

அசிமினாவுக்கு இரண்டு புருவமும் நடுவில் சேர்ந்து ஒரே கோடாக இருக்கும். அவள் அப்பாவுக்கும் அப்படித்தான் இருந்தது. அதை வைத்து நாடே சிரிக்கப்போகிறது என்று தெரிந்திருந்தால், அந்த மனுஷன் போகும்போது அதையும் கையோடு கொண்டுபோயிருப்பார்.

வினை திருவிழாவில் வந்தது. ஆகஸ்ட் மாதம் மாதா திருநாளுக்கு ஏதென்ஸிலிருந்து டிவியின் காலை நிகழ்ச்சிக்காரர்கள் மலையூரான பெட்ரோவூனிக்கு ஏறி வந்தார்கள். ஆட்டுக்கறி வறுபடுவதைப் படம் பிடித்தார்கள். பாதிரியாரின் தாடியைப் படம் பிடித்தார்கள். பிறகு பாலாடைக்கட்டி விற்றுக்கொண்டிருந்த அசிமினாவின் வாய்க்கு நேரே மைக்கை நீட்டினார்கள்.

"கல்யாணம் ஆகலையா உங்களுக்கு?" என்று கேட்டாள் மைக்குக்காரப் பெண்.

"ஆகல."

"ஆசையும் இல்லையா?"

"ஆசை இல்லாம என்ன? ஆம்பளை வேணும்தான். இங்க குளிர்காலம் ரொம்ப நீளம்மா. பேச்சுத் துணைக்கு எனக்கு ஆடுங்கதான் இருக்கு. அதுங்க நல்லாக் கேக்கும். பதில்தான் சொல்லாது."

பாலாடைக்கட்டி புளிக்குமா என்று கேட்டால் எப்படிச் சொல்வாளோ அப்படித்தான் இதையும் சொன்னாள். நாற்பத்து நாலு வயதுப் பெண் ஒருத்தி, கேட்ட கேள்விக்கு உண்மையான பதில். இதில் மறைக்க என்ன இருக்கிறது என்று அவளுக்கு அன்றும் புரியவில்லை, இன்றும் புரியவில்லை.

குளிர்காலத்தில் ஒரு சனிக்கிழமை, நகைச்சுவை நிகழ்ச்சியில் 'ஸ்டாமாத்தோ' வந்தாள். வந்தாள் என்ன, வந்தான். மிமிஸ் கலோயானஸ் என்ற நடிகன். தொப்பையைச் சுற்றிச் சிவப்புப் பாவாடை, காலில் ரப்பர் பூட்ஸ், உதட்டின் மேல் மையால் வரைந்த மீசை, நெற்றிக்குக் கீழே கறுப்புக் கம்பளி நூலால் ஒட்டிய ஒரே நீளப் புருவம். மலை உச்சியில் நின்று, தபால்காரனைப் பார்த்தாலும் போலீஸ்காரனைப் பார்த்தாலும் சவப்பெட்டி சுமப்பவனைப் பார்த்தாலும், "ஆம்பளை வேணும்ம்ம்!" என்று அலறிக்கொண்டு ஓடிவருவான். ஆடுகள் பயந்து சிதறும். அவ்வளவுதான் நகைச்சுவை. நாடு வயிற்றைப் பிடித்துக்கொண்டது.

நம் கிரேக்கச் சினிமாவிலும் டிவியிலும் இது ஒரு சட்டம். பட்டணத்துப் பெண் காதலைத் தேடினால் மழை பெய்யும், பின்னால் பியானோ வாசிப்பார்கள். மலைக்காரி தேடினால் ஆடு கத்தும்.

அதற்குப் பிறகு அசிமினாவுக்கு நிம்மதி போயிற்று. கைபேசிகளில் அந்த அலறல் மணியாக ஒலித்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் கார்கள் ஏறிவந்து அவள் வேலிக்கு வெளியே நின்றன. கண்ணாடியை இறக்கி ஒருவன் கத்துவான், மற்றவர்கள் படம் எடுப்பார்கள். ஒரு நாள் அவள் கண்ணாடி முன்னால் உட்கார்ந்து சிறு இடுக்கியால் புருவத்தின் நடுவிலிருந்து ஒரு முடியைப் பிடுங்கினாள். கண்ணில் நீர் வந்தது. இரண்டாவது முடியில் கை வைத்தபோது கோபம் வந்தது. இடுக்கியை ஜன்னல் வழியே எறிந்துவிட்டுப் பால் கறக்கப் போனாள்.

இதெல்லாம்கூடப் பரவாயில்லை என்று விட்டுவிடலாம். அனெஸ்டிஸ் விஷயத்தை அப்படி விட முடியாது.

அனெஸ்டிஸ் கீழே சமவெளிக்காரன். கர்தித்சா பக்கம் வீடு, மனைவி இறந்து நாலைந்து வருஷம், பிள்ளை கிடையாது. தீவன லாரி ஓட்டுகிறான். வாரம் ஒரு தடவை மலைக்கு ஏறி வருவான். முதலில் மூட்டையை இறக்கிவிட்டுப் போய்விடுவான். பிறகு ஒரு காபி குடித்துவிட்டுப் போனான். பிறகு பீன்ஸ் சூப் சாப்பிட்டுவிட்டுப் போனான். பிறகு கொட்டில் கதவின் கீலைச் சரிசெய்தான், புகைபோக்கியைத் துடைத்தான், போவதற்கு மணிக்கணக்கில் மறந்தான். அவனும் அதிகம் பேசுகிறவன் இல்லை. ஆனால் பதில் சொல்வான். ஈஸ்டருக்கு முன்னால், தொப்பியைக் கையில் உருட்டிக்கொண்டே, "பண்டிகை முடியட்டும் அசிமினா. ஜெர்மனியில இருக்கற உங்கண்ணனுக்கு ஃபோன் போட்டுப் பேசறேன்" என்றான். அவள் அன்று ஆடுகளுக்கு இரண்டு தடவை தண்ணீர் காட்டினாள். ஒரு தடவை காட்டியது மறந்துபோயிற்று.

அதற்குள் விஷயம் சமவெளிக் காபிக்கடைக்குப் போய்விட்டது. அவனுடைய கூட்டாளிகள் லாரியின் பின்னால் ஆட்டு மணியைக் கட்டினார்கள். தூசியில் விரலால் 'ஸ்டாமாத்தோவின் மாப்பிள்ளை' என்று எழுதினார்கள். அவன் கடைக்குள் நுழைந்தால் ஒருவன் அலறுவான், மற்றவர்கள் மே மே என்பார்கள். ஈஸ்டர் வந்தது, போனது. ஃபோன் வரவில்லை. லாரி மட்டும் வந்தது, அதுவும் ஊருக்குள் இல்லை. மலைப்பாதையின் கீழ் வளைவில் மூட்டைகளைப் போட்டுவிட்டு, ஹாரன் அடித்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டான். அசிமினா கழுதையை ஓட்டிக்கொண்டு போய் மூட்டைகளை ஏற்றி வந்தாள். டிவிக்காரன் சிரித்தது கொசுக்கடி. இது தேள்கடி.

ஜூன் மாதம் ஊர்த் தலைவர் பொலிக்ரோனிஸ் காபிக்கடையில் எழுந்து நின்று அறிவித்தார்.

"மிமிஸ் கலோயானஸ் நம்ம ஊருக்கு வர்றாரு! கிளிடோனாஸ் அன்னிக்கு! ஸ்டாமாத்தோ மாப்பிள்ளை தேடிக் கிளிடோனாஸுக்கு வர்ற மாதிரி ஒரு மணி நேரம் ஸ்பெஷல். நம்ம ஊரு, நம்ம ஊத்து, நம்ம மரம் எல்லாம் டிவியில வரும்!"

கிளிடோனாஸ் என்பது புனித யோவான் திருநாளில் நடக்கிற சமாசாரம். முதல் நாள் கல்யாணமாகாத ஒருத்தி ஊற்றிலிருந்து தண்ணீர் கொண்டுவர வேண்டும், வாயைத் திறக்காமல். அது பேசாத் தண்ணீர். வழியெல்லாம் ஊர் அவளைச் சீண்டும். ஒரு வார்த்தை பேசிவிட்டால் தண்ணீரைக் கொட்டிவிட்டு மறுபடி ஊற்றுக்குப் போக வேண்டும். கொண்டுவந்த தண்ணீரைப் பானையில் ஊற்றுவார்கள். அவரவர் ஒரு பொருளை உள்ளே போடுவார்கள். சிவப்புத் துணியால் பானையின் வாயைக் கட்டி, வானம் பார்க்க வைத்துவிடுவார்கள். மறுநாள் தண்ணீர் கொண்டுவந்தவளே ஒவ்வொன்றாக எடுப்பாள். உடைமைக்காரர் "என்னுது" என்று சொல்லி முன்னால் வர வேண்டும். அவருக்கு ஈரடியில் ஒரு பாட்டு விழும். இனிப்போ காரமோ, நின்று முழுசாக வாங்கிக்கொள்ள வேண்டும். அடுத்த வருஷம் வரை அதுதான் அவர் விதி. பெட்ரோவூனியில் பல வருஷமாக அசிமினாதான் தண்ணீர் எடுக்கிறாள். மற்ற பெண்கள் எல்லாம் லாரிசாவுக்கும் ஏதென்ஸுக்கும் போய்விட்டார்கள்.

"வெக்கமா இல்லையா தலைவரே?" என்றாள் கரூஃபலியா, காபிக்கடைக்காரரின் மனைவி. கையில் இருந்த தட்டை மேசையில் டொக்கென்று வைத்தாள். "நம்ம பொண்ணைக் கேலி பண்றவனுக்கு நாமளே தோரணம் கட்டணுமா?"

"யாரும்மா கேலி பண்றாங்க? கலை அது, கலை!" தலைவர் குரலைத் தாழ்த்திக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருந்த அசிமினாவிடம் வந்தார். "அசிமினா, உனக்குச் சங்கடமா இருந்தா அந்த ரெண்டு நாள் லாரிசாவுக்கு ஒரு நடை போயிட்டு வாயேன். நானே பஸ் ஏத்தி விடறேன்."

"நான் போயிட்டா தண்ணி யாரு எடுப்பா? நீங்களா?"

கடையில் எல்லோரும் சிரித்தார்கள். தலைவர் கழுத்தைச் சொறிந்துகொண்டார்.

"வரட்டும்," என்றாள் அசிமினா. "நான் எங்கயும் போகல. அவங்க படம் எடுக்கட்டும். ஆனா கிளிடோனாஸ் கிளிடோனாஸா நடக்கணும். தண்ணி நான் எடுப்பேன். வர்றவங்க எல்லாரும் பானையில பொருள் போடணும், அந்த மீசைக்காரனும் சேத்து. பாட்டு விழறப்ப எவனும் குறுக்க பேசக்கூடாது. இதுக்கு ஒத்துக்கிட்டா சரி. இல்லன்னா ஊத்துப் பாதையில என் ஆடு அத்தனையும் நிக்கும். எவன் வண்டி போகுதுன்னு பாக்கறேன்."

டைரக்டர் ஒத்துக்கொண்டான். ஃபீவோஸ் என்ற இளைஞன், ஒரு காதில் மட்டும் கம்மல். ஒத்துக்கொண்டது மட்டுமல்ல, ஃபோனிலேயே துள்ளினானாம். நிஜமானவளும் நகலும் பக்கத்தில் பக்கத்தில்! இதைவிட வேறென்ன வேண்டும்?

திருநாளுக்கு முதல் நாள் வந்து இறங்கினார்கள். மதியம் வேலைக்கு நடுவே மிமிஸ் காபிக்கடையில் தனியாக உட்கார்ந்திருந்தான். பாவாடை கட்டியபடியே, பின்னிய சடையை அவிழ்த்து மேசைமேல் வைத்திருந்தான். கிட்டத்தில் பார்த்தால் களைத்துப்போன, வழுக்கை விழுந்த மனுஷன். அசிமினா நேராகப் போய் எதிர் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். கடைக்குள் கரூஃபலியா பாத்திரம் கழுவுவதை நிறுத்தினாள்.

"ஒண்ணு கேக்கணும். ஸ்டாமாத்தோவா நடிக்க உங்களுக்குப் பொம்பளை யாரும் கிடைக்கலையா?"

மிமிஸ் முதலில் சிரிக்கப் பார்த்தான். அவள் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டான். "கிடைச்சாக்கா. மொதல்ல ஒரு நல்ல நடிகையைத்தான் போட்டாங்க. அவ நீங்க சொன்னதை அப்படியே சொன்னா. ஸ்டுடியோவுல ஒருத்தரும் சிரிக்கல. மேக்கப் போடற பொண்ணு கண்ணைத் தொடச்சுக்கிட்டா. அப்பறம்தான் எனக்குப் பாவாடை கட்டி விட்டாங்க."

"அப்ப நான் சொன்னதுல சிரிக்க ஒண்ணும் இல்லன்னு உங்களுக்கே தெரியும்."

"தொழில்க்கா." அவன் கோப்பையைத் தட்டில் சுழற்றினான். "மலைக்காரின்னா மீசை, ஆடு, ஆம்பளைப் பசி. எங்கப்பா காலத்துலேர்ந்து ஜனம் இதுக்குத்தான் சிரிக்குது. நானா கண்டுபிடிச்சேன்?"

"உங்கம்மா எந்த ஊரு?"

மிமிஸ் சடையை எடுத்துத் தலையில் மாட்டினான். ஊசி குத்த இடம் தெரியாமல் தடவினான். "மலைதான்," என்று சொல்லிவிட்டு எழுந்து போனான்.

வெயில் சாய்ந்ததும் தண்ணீர் எடுக்கப் போனார்கள். ஊற்று கீழே, பிளேன் என்கிற பெரிய நிழல் மரத்தடியில். அங்கிருந்து ஊர்ச் சதுக்கத்துக்கு ஒரே ஏற்றம். அசிமினா செப்புக் குடத்தை நிரப்பித் தோளில் ஏற்றினாள். வாயை மூடினாள். காமெராக்காரன் அவளுக்கு முன்னால் பின்னோக்கி நடந்தான். ஊர் இரண்டு பக்கமும் நின்றது.

வழக்கமான சீண்டல்கள் வந்தன. "அசிமினா, உன் கிடா என் முட்டைக்கோஸைத் தின்னுது, ஓடு!" என்றார் ஒருவர். "அடியே, உன் பாவாடையில குளவி!" என்று இன்னொருத்தி. இதெல்லாம் அவள் வருஷா வருஷம் கேட்பதுதான். கண்ணால் மட்டும் சிரித்துக்கொண்டு நடந்தாள்.

பிறகு மிமிஸ் ஆரம்பித்தான். அவள் குரலிலேயே, அவள் பக்கத்திலேயே. ஆட்டோடு கல்யாணம் என்றான், பாதிரியாரோடு கல்யாணம் என்றான், முதலிரவில் கொட்டிலில் என்ன நடக்கும் என்று சொன்னான். படக்குழு சிரித்தது. ஊர்க்காரர்களில் சிலரும் சிரித்தார்கள், பொய் எதற்கு. அவள் நடந்தாள். உண்மையில் படமே அதில்தான் இருந்தது: அவளைப் பேசவைக்க வேண்டும். அவள் வெடித்தால் அது நகைச்சுவை. வெடிக்காவிட்டால், வெறுமனே ஒரு பெண் தண்ணீர் எடுத்துக்கொண்டு நடக்கிறாள். அதைப் பார்க்க யார் டிவி போடுவார்கள்?

ஃபீவோஸ் மிமிஸின் காதில் ஏதோ சொன்னான். மிமிஸ் தயங்கினான். பிறகு அலறினான்: "உன் லாரிக்காரன் எங்கடி? வளைவுல மூட்டையை எறிஞ்சிட்டு ஓடறானாமே! என் ஆடுகூட அவ்வளவு வேகமா ஓடாதுடி!"

அசிமினாவின் கால் நின்றது. இதை இவர்களுக்கு யார் சொன்னது? தலைவரைப் பார்த்தாள். தலைவர் மரத்தில் இலை எண்ணிக்கொண்டிருந்தார். காமெரா அவள் முகத்துக்கு அருகில் வந்தது. அவள் வாய்க்குள் அத்தனை வசவும் வரிசையில் நின்றது. அவள் அப்பா கோவேறு கழுதையைத் திட்டியதும் அதில் இருந்தது. ஒன்று போதும், மிமிஸ் ஜென்மத்துக்கும் பாவாடை கட்டமாட்டான். குடத்துத் தண்ணீர் தளும்பி அவள் கழுத்தில் வழிந்தது. பல்லைக் கடித்தாள். ஒரு காலை எடுத்து வைத்தாள். அடுத்த காலையும் வைத்தாள்.

ஏற்றம் கடுமையானது. ரப்பர் பூட்ஸ் போட்டவனுக்கு இன்னும் கடுமை. பாதி வழியில் மிமிஸுக்கு மூச்சு வாங்கியது, முக்கால் வழியில் நகைச்சுவையும் தீர்ந்தது. கடைசித் திருப்பத்தில் யாருமே பேசவில்லை. குடத்தில் தண்ணீர் ஆடும் சத்தம் மட்டும் கேட்டது.

சதுக்கத்தில் பானை காத்திருந்தது. அசிமினா தண்ணீரை ஊற்றினாள். சிவப்புத் துணி கட்டும் வரை அவள் பேசக்கூடாது. ஒவ்வொருவராக வந்து போட்டார்கள். கரூஃபலியா தையல் விரலுறை போட்டாள். தலைவர் சாவி வளையம் போட்டார். ஃபீவோஸ் காதுக் கம்மலைக் கழற்றினான். மிமிஸ் காமெராவைப் பார்த்துக் கண்ணடித்துவிட்டு, நெற்றியிலிருந்த கம்பளிப் புருவத்தைச் சர்ரென்று பிய்த்து உள்ளே எறிந்தான்.

எல்லோரும் போட்டு முடித்த பிறகு ஒரு கை நீண்டது. நகக்கண்ணில் கிரீஸ் படிந்த பெரிய கை. ஓரம் நசுங்கிய பித்தளை லைட்டர் ஒன்று தண்ணீருக்குள் விழுந்தது. அசிமினா நிமிர்ந்தாள். அனெஸ்டிஸ்.

படப்பிடிப்பு வேடிக்கை பார்க்கக் கூட்டாளிகளோடு வந்திருக்கிறான். அவர்கள் அந்தப் பக்கம் பீர் குடித்துக்கொண்டிருந்த நேரம் பார்த்து நழுவி வந்திருக்கிறான். அவன் அவளைப் பார்த்தான், பிறகு தன் பூட்ஸைப் பார்த்தான். ஈஸ்டரிலிருந்து சேர்த்துவைத்திருந்த அத்தனை வார்த்தையும் அவள் தொண்டையில் வந்து முட்டியது. பேச முடியாது! துணியை விரித்தாள், சுற்றினாள், முடிச்சுப் போட்டாள். வாய் விடுதலையானபோது அவன் கூட்டத்துக்குள் போய்விட்டிருந்தான்.

மறுநாள் மதியம், கோவில் முற்றத்தில் நாற்காலிகள் போட்டிருந்தன. ஊர் முழுக்க வந்திருந்தது. சமவெளியிலிருந்தும் கார் காராக வந்து சேர்ந்திருந்தார்கள். அசிமினா பானைக்குப் பக்கத்தில் முக்காலியில் உட்கார்ந்து முடிச்சை அவிழ்த்தாள்.

முதலில் சாவி வளையம் வந்தது. "என்னுது!" என்று தலைவர் கையைத் தூக்கினார், தலைமுடியைத் தடவிக்கொண்டு. பாட்டுக்குக் கரூஃபலியா முந்திக்கொண்டாள்:

"கண்ணாடி முன்னாடி தலைவாரும் தலைவரே,
காமெரா போனப்புறம் கழுதைதான் ஓட்டணும்!"

முற்றம் குலுங்கியது. அடுத்தாற்போல் அசிமினாவின் விரலில் ஏதோ ஈரமாகச் சுற்றியது. தூக்கிப் பிடித்தாள். கம்பளிப் புருவம், எலிவால் மாதிரி சொட்டிக்கொண்டிருந்தது.

"என்னுதூ!" என்று ஸ்டாமாத்தோ குரலில் கூவிக்கொண்டு முன்னால் வந்தான் மிமிஸ். பாட்டை அசிமினாவே சொன்னாள், உட்கார்ந்த இடத்திலிருந்தே, நிதானமாக:

"ஒட்டு மீசை வெச்சவரே, ஒட்டுப் புருவம் தச்சவரே,
பாவாடை நீர் கட்டினாலும் பொண்ணு மனசு கிட்டலையே!"

பெண்கள் கை தட்டினார்கள். ஏதென்ஸிலிருந்து வந்த மேக்கப் பெண்ணும் தட்டினாள். மிமிஸ் குனிந்து வணங்கினான், அவன் காது மட்டும் சிவந்திருந்தது. குறுக்கே பேசக்கூடாது என்று ஒத்துக்கொண்டிருந்தான், ஆகவே புருவத்தை வாங்கிக்கொண்டு ஒதுங்கினான்.

இன்னும் சில பொருள்கள் வந்தன, போயின. பிறகு லைட்டர் வந்தது.

"யாருது?" என்று கேட்டாள் அசிமினா.

பதில் இல்லை. அவளுக்குத் தெரியும் யாருது என்று. சுவரோரம், கூட்டாளிகளுக்குப் பின்னால், தொப்பியைப் புருவம்வரை இழுத்துவிட்டுக்கொண்டு நிற்கிறான். வாயைத் திறந்தால் அவன் கதை சமவெளிக்கெல்லாம் படம் போட்டுக் காட்டப்படும். மூன்று தடவை கேட்டும் ஆள் வராத பொருளைப் பள்ளத்தில் எறிந்துவிட வேண்டும். அது விதியில்லாத பொருள். எறிந்துவிட்டால் அதோடு முடிந்தது. கீழ் வளைவில் மூட்டைகள், ஹாரன் சத்தம், அவ்வளவுதான் மிச்சம்.

"யாருது?" இரண்டாவது தடவை கேட்டபோது அவள் குரல் சற்றுப் பிசிறியது. அதற்காகத் தன்மேலேயே கோபம் வந்தது.

அந்த நேரம் மிமிஸ் பாய்ந்தான். தொழில்காரன், மௌனம் விழுந்த இடத்தில் சும்மா நிற்கத் தெரியாதவன். அவள் கையிலிருந்து லைட்டரைப் பிடுங்கித் தலைக்கு மேல் தூக்கினான். "என்னுது! என்னுது! எனக்கு மாப்பிள்ளை கிடைச்சாச்சு! ஆம்பளை வேணும்ம்ம்!"

வெளியூர்க் கூட்டம் வெடித்துச் சிரித்தது. பெட்ரோவூனிப் பெண்கள் எழுந்துவிட்டார்கள். அடுத்தவர் பொருளை என்னுது என்று சொல்வது அடுத்தவரின் ஒரு வருஷத்தைத் திருடுவது. இங்கே நடக்கப் பழகும் குழந்தைகூட அந்தத் தப்பைச் செய்யாது.

"வெய்டா கீழ!" என்று கரூஃபலியா கத்தினாள். "பாவாடை கட்டினா எதை வேணா எடுப்பியா?"

அசிமினா கையைக் காட்டி அவளை அடக்கினாள். பிறகு தானும் எழுந்து நின்றாள். யாரையும் பார்க்கவில்லை.

"விடுங்க அக்கா. வழக்கம் எல்லாருக்கும் ஒண்ணுதான். மூணாவது தடவையும் யாரும் வரலன்னா இது இவருதுதான். இதைப் போட்ட மனுஷனோட வருஷமும் இவருக்குத்தான். பாவாடையோட சேத்துப் போட்டுக்கட்டும். நான் தடுக்கமாட்டேன். கடைசியாக் கேக்கறேன், யாருது?"

மிமிஸின் தூக்கிய கை மெதுவாக இறங்கியது.

"என்னுது," என்றது சுவரோரம்.

"கேக்கல."

"என்னுது!" அனெஸ்டிஸ் கூட்டாளிகளை விலக்கிக்கொண்டு வந்தான். "என்னுதுய்யா அது! குடு இங்க!" லைட்டரை மிமிஸ் கையிலிருந்து வாங்கினான். பின்னால் ஒருவன் "மாப்ளே!" என்று கூவினான், இன்னொருவன் மே மே என்றான். அனெஸ்டிஸின் கழுத்து நரம்பு புடைத்தது, ஆனால் திரும்பவில்லை.

"நில்லு. பாட்டு இருக்கு," என்றாள் அசிமினா.

"மலையேற மனசிருந்தா மழையென்ன வெயிலென்ன?
மறைஞ்சு நிக்கும் மாப்பிள்ளைக்கு மணமென்ன துணையென்ன?"

அவன் நின்று வாங்கிக்கொண்டான். முழுசாக. தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான்.

"அதான் வந்துட்டேன்ல," என்றான் மெதுவாக.

"எதுக்கு வந்த? லைட்டருக்கா?"

"இல்ல."

"அப்ப எதுக்கு?"

அவன் அவள் காதருகே குனியப் பார்த்தான். அவள் ஓர் அடி பின்னால் போனாள்.

"என்கிட்ட சொல்லாத. எனக்குத் தெரியும். நான் போன ஆகஸ்டுல அந்தக் காமெராப் பொட்டியைப் பாத்துத்தான் சொன்னேன். ஊர்ச் சிரிப்பு அத்தனையும் என் ஒருத்தி தலையில விழுந்துச்சு. அதுல பாதி உன்னுது அனெஸ்டிஸ். அதை நீ வளைவுலயே போட்டுட்டுப் போயிட்ட. அங்க பாத்துச் சொல்லு."

அவன் காமெராவைப் பார்த்தான். லாரி ஓட்டுகிறவன் எதிரே வரும் விளக்கைப் பார்ப்பதுபோலக் கண்ணைச் சுருக்கிக்கொண்டான். தொப்பி அவன் கையில் கசங்கியது.

"எனக்கு..." தொண்டையைச் செருமினான். "எனக்கு இந்தப் பொம்பளை வேணும். இவதான் வேணும். சிரிக்கறவன் சிரிச்சுக்கோ."

சிரித்தார்கள். கூட்டாளிகள் ஒருவன் தோளில் ஒருவன் விழுந்து சிரித்தார்கள். எவனோ கைபேசியில் அந்த அலறலை ஒலிக்கவிட்டான். அனெஸ்டிஸ் காதுவரை சிவந்துபோய் நின்றான், ஆனால் நின்றான். அசிமினா அவன் பக்கத்தில் வந்து நின்று, தலைமுக்காட்டைப் பின்னுக்குத் தள்ளி, நெற்றியும் புருவமும் தெரிய, கூட்டத்தை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்தாள். எத்தனை நாள் பயந்த சிரிப்பு! வெயிலில், நேருக்கு நேர் கேட்டால் அது வெறும் சத்தமாக இருந்தது. அவளுக்கு உடம்பெல்லாம் சந்தோஷம் ஏறியது. அதை மறைக்க அவள் முயலவும் இல்லை.

ஃபீவோஸ் நாற்காலிகளுக்கு நடுவே ஓடி வந்தான். "பிரமாதம்! பிரமாதம்! இன்னொரு தடவை எடுத்துடலாம். அண்ணே, நீங்க கொஞ்சம் மெதுவாச் சொல்லுங்க. அக்கா, அவரு சொன்னதும் உங்களுக்கு அழுகை வரணும். மிமிஸ், நீ ரெண்டு பேருக்கும் நடுவுல..."

"நடுவுல யாரும் வரக்கூடாது," என்றாள் அசிமினா. "இன்னொரு தடவையும் கிடையாது. நாங்க சொல்ல வேண்டியதைச் சொல்லியாச்சு."

"ஒரே ஒரு தடவைக்கா! சத்தம் சரியாப் பதிவாகல!"

"அது உன் கஷ்டம். கேட்டவங்க கேட்டாங்க." மிமிஸ் ஒரு பக்கமாக நின்று ஈரப் புருவத்தைக் கையில் பிழிந்துகொண்டிருந்தான். ஃபீவோஸ் அவனைப் பார்த்தான். மிமிஸ் தலையை ஆட்டி மாட்டேன் என்றான்.

அசிமினா காலால் ஒரு நாற்காலியைத் தன் முக்காலிக்குப் பக்கத்தில் இழுத்தாள். "வெயில்ல நிக்காத, உக்காரு," என்றாள் அனெஸ்டிஸிடம். ஊர் பார்க்க, சமவெளி பார்க்க அவன் உட்கார்ந்தான். அவள் கையை முழங்கைவரை பானைக்குள் விட்டுத் துழாவினாள்.

"அமைதி! இது யாருது?"